டாக்டரம்மாவின் இதோ

டாக்டரம்மாவுக்குப் பொறுமை கிடையாது என்பது அந்தத் தெருவில் நாய்களுக்கும் தெரியும். சொல்லப்போனால் நாய்களுக்குத்தான் முதலில் தெரியும். ஏனென்றால் அவள் மிருக வைத்தியர். கீழ்த்தளத்தில் மருத்துவமனை, மாடியில் குடித்தனம். இரண்டுக்கும் நடுவில் இருந்த மாடிப்படியை அவள் ஒருநாளும் ஒவ்வொரு படியாக இறங்கியதில்லை. டீயை ஆறவிட்டுக் குடித்ததில்லை. நாக்கைச் சுட்டுக்கொண்டு, பிறகு டீயைத் திட்டுவாள். எதிரில் இருப்பவர் ஒரு பேச்சை ஆரம்பித்தால் அதை முடித்து வைக்கும் உரிமை தன்னுடையது என்பது அவள் எண்ணம்.

"எங்க நாய் நேத்துலேருந்து..." என்று யாராவது வாயெடுத்தால் போதும்.

"சாப்பிடலை, வாந்தி எடுக்குது. மேசை மேல தூக்கி வைங்க."

பெரும்பாலும் சரியாகத்தான் இருக்கும். ஒருமுறை மட்டும், நேற்றிலிருந்து நாயைக் காணவில்லை, இந்தப் பக்கம் வந்ததா என்று விசாரிக்க வந்த ஆளைப் பார்த்து, "மேசை மேல வைங்கன்னு எத்தனை தடவை சொல்றது!" என்று கத்திக்கொண்டிருந்தாள்.

இப்படிப்பட்டவளுக்கு வேலையாளாக வந்து வாய்த்தவன்தான் இதோ.

அவனுக்குப் பெற்றோர் வைத்த பெயர் ஒன்று உண்டு. அதை அவன் மனைவி மட்டும், அதுவும் சண்டை முற்றிய நேரத்தில் மட்டும் சொல்லுவாள். மற்ற எல்லோருக்கும் அவன் இதோ. எப்போது கூப்பிட்டாலும், எங்கிருந்து கூப்பிட்டாலும், "இதோ வந்துட்டேன்" என்று குரல் கொடுப்பான். குரல் உடனே வரும். ஆள் வருவதற்குள் கூப்பிட்ட காரியமே தீர்ந்து போயிருக்கும். "இதோ எங்கேய்யா?" என்று கேட்டால், "இதோ, அதோ அங்கே நிக்கறானே" என்று பதில் வரும். தெருவுக்கு அது சலிக்காத வேடிக்கை. டாக்டரம்மாவுக்குத்தான் சலித்துப் போயிருந்தது.

அதற்கு முன்னால் அவன் பல மாடித் துணிக்கடை ஒன்றில் லிஃப்ட் ஓட்டிக்கொண்டிருந்தான். குழந்தைத் துணி வாங்க வந்தவர்களைக் குடை விற்கும் மாடியில் இறக்கிவிடுவான். படுக்கை விரிப்பு கேட்டவர்கள் தொப்பிகளுக்கு நடுவே போய் நிற்பார்கள். இறங்கிய இடத்தில் எதையாவது வாங்கிக்கொண்டு போனதால் முதலாளி பல வருஷம் அதைக் கண்டுகொள்ளவில்லை. பிறகு, ஆள் வேண்டாத புது லிஃப்ட் வந்தது. இதோ வீட்டுக்கு வந்தான்.

சும்மா இருந்த காலத்தில் வீட்டுக்காரரின் நாய்க்குக் காதில் புண் என்று அதை டாக்டரம்மாவிடம் கூட்டிவந்தான். காத்திருந்தான். முறை வந்ததும் நாயை உள்ளே விட்டான். பிறகு எழுந்து வீட்டுக்குப் போய்விட்டான். "நாய் எங்கேடா?" என்று வீட்டுக்காரர் கேட்டபோது, "எந்த நாய்?" என்றானாம்.

மறுநாள் அவன் நாயைத் திருப்பி எடுத்துப்போக வந்த சமயத்தில் டாக்டரம்மா ஒற்றை ஆளாக ஒரு பெரிய நாயோடு போராடிக்கொண்டிருந்தாள். அதன் பாதத்தில் கண்ணாடிச் சில்லு ஏறியிருந்தது. உதவிக்கு இருந்த பெண், ஏச்சு தாங்காமல் அன்று காலைதான் சொல்லாமல் கொள்ளாமல் போயிருந்தாள். அவளுக்கு முன் இருந்தவர்களும் அப்படிப் போனவர்கள்தான்.

"யாருய்யா நீ? பார்த்துக்கிட்டு நிக்கறியே, பிடி!"

இதோ பிடிக்கவில்லை. நாயின் பக்கத்தில் தரையில் சப்பணமிட்டு உட்கார்ந்து, சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். எதற்கு வந்தோம் என்று யோசித்துக்கொண்டிருந்தான் என்று பிறகு சொன்னான். அந்த நாய் கொஞ்ச நேரம் உறுமிவிட்டு, தலையை அவன் மடியில் வைத்துக்கொண்டது. சில்லை எடுத்து முடிக்கும்வரை அசையவில்லை.

அன்றிலிருந்து அவன் அங்கேதான். டாக்டரம்மா ஊசியோடு நெருங்கினால் பூனை அலமாரிக்குப் பின்னால் போகும், முயல் கூண்டின் மூலையில் ஒடுங்கும். அவள் மேல் தப்பில்லை. அவளுடைய அவசரம் அவளுக்கு முன்னாலேயே அறைக்குள் வந்துவிடும். இதோவின் உடம்பிலோ அவசரம் என்று ஒன்று மருந்துக்கும் கிடையாது. அதனால் அவன் தொட்டால் பிராணிகள் அடங்கும். அந்த ஒரு காரணத்துக்காக அவள் அவனை வைத்திருந்தாள். அந்த ஒரு காரணம் மட்டும் இல்லையென்றால் கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளியிருப்பேன் என்று கணவரிடம் தினமும் சொல்வாள்.

தள்ளுவதற்கு நியாயங்கள் நிறையவே இருந்தன. ஊசிகளை வெந்நீரில் போட்டு அடுப்பில் வைப்பான். தண்ணீர் முழுக்க வற்றி, பாத்திரம் கருகி, தெருமுனைவரை நாற்றம் போன பிறகு, "யார் வீட்டுலயோ என்னமோ தீயுதும்மா" என்று வந்து சொல்வான். ரொட்டி வாங்க அனுப்பினால் ஏணியோடு திரும்புவான். வழியில் யாரோ, "கொஞ்சம் பிடிச்சுக்கோ" என்று கொடுத்திருப்பார்கள். ஒருநாள் மதியம் ஷட்டரை இழுத்துப் பூட்டிக்கொண்டு சாப்பிடப் போய்விட்டான். உள்ளே முயலோடு காத்திருந்த பேக்கரிக்காரர், ஷட்டரைத் தட்டித் தட்டிக் கை ஓய்ந்து, முயலுக்கு வைத்திருந்த கேரட்டில் பாதியைத் தானே தின்று பசியாறினார்.

அவன் மனைவி தையல் வேலை செய்பவள். கணவனுக்கு ஞாபகம் வர அவள் ஒரு வழி கண்டுபிடித்தாள். செய்ய வேண்டிய ஒவ்வொரு காரியத்துக்கும் ஒரு நிறம் என்று அவன் சட்டைப் பொத்தானில் நூல் கட்டி அனுப்பினாள். சாயங்காலம் அவன் சட்டையில் வானவில்லோடு நின்றுகொண்டு ஒவ்வொரு நூலாகத் தடவிப் பார்ப்பான். "இது எதுக்குன்னுதான் வரமாட்டேங்குது."

டாக்டரம்மா அவளைக் கூப்பிட்டு முறையிட்டாள். அவள் அசரவில்லை.

"திட்டாதீங்கன்னு நான் சொல்லலைம்மா. இன்னும் கொஞ்சம் சத்தமா திட்டுங்க. அப்பவாவது மண்டையில ஏறுதான்னு பார்ப்போம். வீட்டுல நான் கத்திக் கத்தி எனக்குத் தொண்டை போச்சு."

கிளி விவகாரம் இதற்கெல்லாம் சிகரம். இறக்கை ஒடிந்த கிளி ஒன்று சிகிச்சைக்கு வந்து தங்கியிருந்தது. அதன் கூண்டைப் பின்னறைக்குக் கொண்டுபோய் மாட்டு என்று டாக்டரம்மா சொன்னாள். இதோ சரியென்று தலையாட்டினான். மறந்தான். கூண்டு வாரக்கணக்கில் அவள் தலைக்கு மேலேயே தொங்கியது. ஒருநாள் அவள் நாயின் வயிற்றில் தையல் போட்டுக்கொண்டே, "இதோ! கத்திரிக்கோல்!" என்று கத்தினாள். "இதோ வந்துட்டேன்!" என்று பதில் வந்தது. ஒரு கையில் ஊசியும் மறு கையில் நூலுமாக அவள் காத்திருந்தாள். மறுபடி கத்தினாள். "இதோ வந்துட்டேன்!" காத்திருந்தாள். காது மடல் சிவந்தது. மூன்றாம் முறை பதில் வந்தபோதுதான் குரல் தலைக்கு மேலிருந்து வருகிறது என்பதைக் கவனித்தாள். இதோ அப்போது தெருக்கோடியில், தான் எதற்குக் கடைக்கு வந்தோம் என்று கடைக்காரரிடமே விசாரித்துக்கொண்டிருந்தான்.

"பூனை இல்லாத நேரமாப் பார்த்து வந்திருக்கு இந்தக் கிளி" என்று பல்லைக் கடித்தாள் டாக்டரம்மா.

இனி, ஊருக்குக் கிளம்பிய கதை.

டாக்டரம்மாவின் கணவர் நில வரைபடம் வரையும் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். ஒரு கோடு போட ஒரு காலைப் பொழுதை எடுத்துக்கொள்கிற மனிதர். பல வருஷமாக அவர் கேட்டுக்கொண்டிருந்தது ஒன்றே ஒன்று. கடலோரத்தில் ஒரு விடுதியில் போய் ஒரு வாரம் சும்மா உட்கார்ந்திருக்க வேண்டும். சும்மா உட்காருவது என்ற சொல்லே டாக்டரம்மாவுக்கு ஆகாது. இருந்தாலும் அந்த வருஷம் எப்படியோ சம்மதித்துவிட்டாள். மத்தியான ரயில்.

போவதற்கு முன்னால் மருத்துவமனையில் மிச்சமிருந்தவை இரண்டு பூனைகள். இரண்டும் வெள்ளை. ஒன்று, ஓய்வு பெற்ற ஜட்ஜ் வளர்க்கும் துரை. சீறி, பிராண்டி, பல் பிடுங்கிக்கொள்ள வந்த இடத்தில் டாக்டரைக் கடித்துவைத்த கடுவன். மற்றொன்று பாட்டு டீச்சரின் முத்து. அது பெண். தடவினால் தடவின கை களைக்கும்வரை படுத்திருக்கும். துரைக்குக் கதவோரக் கூண்டு. முத்துவுக்கு ஜன்னலோரக் கூண்டு.

அன்று காலை பூனைகளுக்குக் கடைசி வேளை மருந்து கொடுக்க வேண்டியிருந்தது. இதோ பால் வாங்கப் போயிருந்தான். அவன் வருவதற்குள் ரயிலே போய்விடும் என்று டாக்டரம்மா தானே கூண்டுகளைத் திறந்து, ஒன்றை இந்தக் கையிலும் ஒன்றை அந்தக் கையிலுமாகத் தூக்கி, மேசையில் வைத்து, வாயைத் திறந்து மருந்தை ஊற்றி, பிராண்டலை வாங்கிக்கொண்டு, திரும்ப உள்ளே தள்ளி, கொக்கியைப் போட்டுவிட்டு, பெட்டி கட்ட மாடிக்கு ஓடினாள். கணவர் வாசற்படியில் நின்று ஷூவுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டிருந்தார்.

இதோ பாலோடு வந்து சேர்ந்தான். பால் கொண்டுவந்ததே அவளுக்கு ஆச்சரியம்.

"இங்க பாரு. ஜன்னல் பக்கக் கூண்டு பாட்டு டீச்சருக்கு. கதவுப் பக்கக் கூண்டு ஜட்ஜுக்கு. திருப்பிச் சொல்லு."

"ஜன்னல் டீச்சருக்கு. கதவு ஜட்ஜுக்கு."

"இன்னொரு தடவை."

"ஜன்னல் டீச்சருக்கு, கதவு ஜட்ஜுக்கு. அம்மா, ஒண்ணு கேக்கணும்..."

"ஒண்ணும் கேக்காதே! கேட்டா சொன்னதை மறந்துடுவே. கூடையில போடு, மூடு, கிளம்பு."

இதோ கிளம்பினான். திரும்பியும் வந்தான். கூடைகள் காலி, சட்டை கிழியவில்லை, வழியில் யாருடைய ஏணியும் கையில் இல்லை. டாக்டரம்மாவுக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. இரண்டு முறை சொல்லச் சொன்னதால்தான் இது நடந்தது என்று கணவரிடம் சொன்னாள். பெட்டிகளைக் காரில் ஏற்றினார்கள். கதவைப் பூட்டப்போகும் நேரத்தில் டெலிபோன் அடித்தது.

பாட்டு டீச்சர். குரல் வழக்கத்தைவிட மேல் ஸ்தாயியில் இருந்தது.

"டாக்டர், வகுப்பு நடந்துட்டிருந்ததால உள்ளறையில விடச் சொன்னேன், இப்பத்தான் கதவைத் திறந்தேன். முத்துவுக்கு என்ன பண்ணீங்க? திரைச்சீலை மேல ஏறி உக்காந்துக்கிட்டு இறங்க மாட்டேங்குது. ஒரு பொண்ணோட ஜடை ரிப்பனைப் பிடிச்சுக் கிழிச்சிடுச்சு. பசங்க எல்லாம் மேசைக்கு அடியில இருக்காங்க. நானும்தான்."

டாக்டரம்மா போனை வைத்த வேகத்தில் மேசையில் இருந்த பேனா துள்ளி விழுந்தது.

"இதோ!"

"இதோ வந்துட்டேன்." அவன் பின்னாலேயேதான் நின்றிருந்தான்.

"ரெண்டு தடவை சொல்லச் சொன்னேனா இல்லையா?"

"சொன்னீங்கம்மா."

"அப்புறம் எப்படி மாத்திக் கொடுத்தே?"

இதோ யோசித்தான். நெற்றியைத் தடவினான். பொத்தான்களைப் பார்த்தான். அன்று நூல் எதுவும் இல்லை.

"மாத்திட்டேனா? அப்போ வழியில மறந்துட்டேன் போல இருக்கும்மா."

"போல இருக்காம்!" என்றாள் டாக்டரம்மா.

"காலையில..." என்று கணவர் ஏதோ ஆரம்பித்தார்.

"நீங்க இருங்க. காலையிலதான் சொன்னேன், காலையிலேயே மறந்துட்டான். இத்தனை வருஷமா நான் இவனைக் கட்டி மாரடிக்கறேன். உன் மண்டைக்குள்ள என்னதான்யா வெச்சிருக்கே? இன்னையோட சரி. நாளையிலேருந்து நீ வரவேண்டாம். புரியுதா? உன்னை வேலையை விட்டு நிறுத்திட்டேன்."

"சரிம்மா" என்றான் இதோ. பிறகு இரண்டு காலிக் கூடைகளையும் எடுத்துக்கொண்டு போய்க் காரின் பின் இருக்கையில், பெட்டிகளுக்கு நடுவே ஏறி உட்கார்ந்தான்.

டாக்டரம்மா ஓட்டினாள். அவள் ஓட்டினால் ஹாரனும் எஞ்சினும் ஒன்றாகவே ஓடும். கணவர் பக்கத்தில் உட்கார்ந்து, கதவின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, "நான் என்ன சொல்ல வரேன்னா..." என்றார்.

"ரயில் போயிடும், அதானே? போகாது. நான் இருக்கேன்."

டீச்சர் வீட்டில் திரைச்சீலையின் மேல்கம்பியில் துரை உட்கார்ந்திருந்தான். வால் ஊசலாடிக்கொண்டிருந்தது. டாக்டரம்மா நாற்காலியில் ஏறிக் கையை நீட்டினாள். அவள் மணிக்கட்டில் ஏற்கெனவே இருந்த கோடுகளோடு புதிதாகச் சில கோடுகள் சேர்ந்தன. "இறங்குடா சனியனே!" என்று அவள் கத்தியதில் மேசைக்கு அடியில் ஒரு குழந்தை அழுதது.

இதோ திரைச்சீலைக்குக் கீழே தரையில் போய் உட்கார்ந்தான். பக்கத்தில் கூடையைத் திறந்து வைத்தான். அவ்வளவுதான். மேலே பார்க்கக்கூட இல்லை.

"கூப்பிடுய்யா அதை!"

"வரும்மா."

"எப்போ? ரயில் போன பிறகா?"

"வரும்மா."

டாக்டரம்மா கடிகாரத்தைப் பார்த்தாள். அறையின் குறுக்கே நடந்தாள். திரும்ப நடந்தாள். சுவரில் மாட்டியிருந்த படங்களை நேராக்கினாள். நேராக இருந்ததையும் கோணலாக்கினாள். ஒருவழியாகத் துரை, வேறு வேலை இல்லாததால் இறங்குவதுபோல, நகத்தால் திரைச்சீலையை மேலிருந்து கீழ்வரை கிழித்துக்கொண்டே இறங்கிக் கூடைக்குள் போய்ச் சுருண்டான். முத்துவைக் கொண்டுவருகிறேன் என்று டீச்சரிடம் சொல்லிவிட்டு, டாக்டரம்மா கணவரையும் இதோவையும் காருக்குத் துரத்தினாள்.

ஜட்ஜ் வீட்டு வராந்தாவில் ஜட்ஜ் சாய்வு நாற்காலியில் இருந்தார். தடித்த கண்ணாடி. மடியில் வெள்ளைப் பூனை. முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம்.

"வாங்க டாக்டர், நானே போன் பண்ணணும்னு நெனைச்சேன். என்ன மருந்து கொடுத்தீங்க? இவன் குணமே மாறிடுச்சு. வந்ததுலேருந்து மடியை விட்டு இறங்கலை. ஒரு கடி இல்லை, ஒரு பிராண்டல் இல்லை."

"சார், அது துரை இல்லை."

ஜட்ஜின் முகம் நீதிமன்ற முகமாக மாறியது.

"துரை இல்லைன்னு எப்படிச் சொல்றீங்க?"

"பாட்டு டீச்சரோட பூனை சார். மாறிப்போச்சு. கொடுங்க, எனக்கு ரயில் இருக்கு."

"ரயில் இருக்கறது வேற விஷயம். நான் வளர்த்த பூனை எனக்குத் தெரியாதா? வெள்ளையா இருக்கு. வால் இருக்கு. என் மடியில உக்காருது. இதுக்கு மேல என்ன வேணும்?"

"துரை என்னைக்காவது உங்க மடியில உக்காந்திருக்கானா சார்?"

"திருந்தக் கூடாதா? எத்தனையோ பேர் திருந்தறதை நான் பார்த்திருக்கேன். இது துரை இல்லைங்கறதுக்கு ஆதாரம் காட்டுங்க, தரேன்."

டாக்டரம்மா அதற்கு மேல் வாதாடவில்லை. பூனையைத் தூக்கினாள். வாலைத் தூக்கினாள். ஜட்ஜின் கண்ணாடிக்கு நேராகக் காட்டினாள்.

"துரை கடுவன் சார். இது பொட்டை."

ஜட்ஜ் பார்த்தார். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடி பார்த்தார். "சரி, சரி, கீழே இறக்குங்க" என்றார். இதோ கையிலிருந்த கூடையைத் திறந்தான். துரை வெளியே வந்து, சோம்பல் முறித்து, நேராகப் போய் ஜட்ஜின் செருப்பைக் கவ்வி உதறினான். ஜட்ஜ் பெருமூச்சு விட்டார்.

"இவன்தான் துரை. சந்தேகமே இல்லை." பிறகு, இவ்வளவு சீக்கிரம் பறிபோன சந்தோஷத்துக்கு யாராவது பொறுப்பாக வேண்டும் என்பதுபோல நிமிர்ந்தார். "இதுக்கு யார் காரணம்?"

"நான்தாங்க" என்றான் இதோ. "மறந்துட்டேன்."

"இல்லை" என்றார் டாக்டரம்மாவின் கணவர்.

அவர் காரிலிருந்து இறங்கி வராந்தாப் படிக்கு வந்திருந்தார். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள்.

"காலையில நீதான் ரெண்டு பூனையையும் வெளியே எடுத்தே. மருந்து கொடுத்துட்டுத் திருப்பி வெக்கறப்போ கடிக்கறதை ஜன்னல் பக்கம் போட்டே. அதைத் தள்ளினப்போ 'கடிக்கற வாயா இது'ன்னு திட்டினே. நான் வாசல்ல நின்னு பார்த்துட்டிருந்தேன். இவன் நீ சொன்ன மாதிரிதான் கொடுத்திருக்கான். ஜன்னல் டீச்சருக்கு, கதவு ஜட்ஜுக்கு."

டாக்டரம்மாவின் கை தானாக மணிக்கட்டுக்குப் போனது. காலையில் விழுந்த கோடுகள். ஜன்னலோரக் கூண்டின் கொக்கி விரலை நசுக்கியதும் அதைத் திட்டியதும் அடுத்தடுத்து நினைவுக்கு வந்தன. ஆமாம். ஜன்னல் பக்கம்தான். தன் கையாலேயே தள்ளியிருக்கிறாள்.

"இதை முதல்லயே சொல்றதுக்கென்ன?"

"வீட்டுல ஒரு தடவை ஆரம்பிச்சேன். கார்ல ஒரு தடவை ஆரம்பிச்சேன். நீ பேச விட்டாத்தானே?"

தப்பு தன் மேல் என்று தெரிந்தால் டாக்டரம்மாவுக்குக் கோபம் இரண்டு மடங்காகும். அது போக ஓர் இடம் வேண்டும். அது எப்போதும் போகிற இடத்துக்கே போனது.

"ஏய்யா! நீ செய்யலைன்னு உனக்கே ஞாபகம் இல்லையா? செஞ்ச தப்பை மறப்பே, சரி. செய்யாத தப்பைச் செஞ்சேன்னு ஒத்துக்கறியே, இது என்ன புது மறதி? வேலையை விட்டு நிறுத்தறேன்னு சொன்னப்போகூட 'சரிம்மா'ங்கறே! 'நீங்க சொன்னபடிதான் கொடுத்தேன்'னு ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"எப்பவும் நான்தானேம்மா மறப்பேன்" என்றான் இதோ. அவன் அதை வருத்தமாகவும் சொல்லவில்லை, குத்தலாகவும் சொல்லவில்லை. மழை மேலேயிருந்துதானே பெய்யும் என்பதுபோலச் சொன்னான்.

"செய்யாத குத்தத்தை ஒத்துக்கறவங்களை நான் நிறையப் பார்த்திருக்கேன்" என்றார் ஜட்ஜ், செருப்பைத் துரையிடமிருந்து இழுத்துக்கொண்டே. "ஒத்துக்கிட்டதுக்காகத் திட்டு வாங்கறவனை இப்பத்தான் பார்க்கறேன்."

டாக்டரம்மா முத்துவைத் தூக்கிக் காலிக் கூடையில் வைத்தாள். "காலையில ஏதோ கேக்கணும்னு வந்தியே" என்று இதோவிடம் சற்றுத் தணிந்த குரலில் கேட்டாள். "என்ன கேக்க வந்தே? பூனை மாறியிருக்குன்னா?"

இதோ வெகுநேரம் யோசித்தான். டாக்டரம்மாவும் காத்திருந்தாள்.

"ஞாபகம் இல்லைம்மா."

முத்துவை டீச்சர் வீட்டில் சேர்த்தார்கள். கிழிந்த திரைச்சீலைக்குப் பதில் புதிது வாங்கித் தருவதாக டாக்டரம்மா சொன்னாள். ஸ்டேஷனுக்குப் போய்ச் சேர்ந்தபோது ரயிலின் கடைசிப் பெட்டி பிளாட்பாரத்தின் நுனியைத் தாண்டிக்கொண்டிருந்தது. கணவர், "நாளைக்கும் இதே நேரத்துக்கு ஒண்ணு இருக்கு" என்றார். திரும்பும்போது அவள் ஹாரனைத் தொடவில்லை. தெருமுனை வந்ததும், கண்ணை ரோட்டிலிருந்து எடுக்காமல், தொண்டையைச் செருமிக்கொண்டாள். அவளுக்கு இது பழக்கமில்லாத வேலை.

"இதோ. இன்னைக்கு நடந்தது என் தப்பு. உன் மேல தப்பில்லை."

"பரவாயில்லைம்மா" என்றான் இதோ பின்னாலிருந்து, ஆறுதலாக. "அடுத்த தடவை பார்த்துச் செய்றேன்."

கணவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அவர் தோள் குலுங்குவதை டாக்டரம்மா பார்த்தாள். பார்க்காததுபோல கியரை மாற்றினாள். கியர் அலறியது.

மறுநாள் காலை இதோ வழக்கம்போல வந்து ஷட்டரைத் தூக்கினான். டாக்டரம்மா மாடியிலிருந்து இறங்கி வந்தாள். நேற்றுச் சொன்னதை முறையாக வாபஸ் வாங்கிவிட வேண்டும் என்று இரவே தீர்மானித்திருந்தாள்.

"நேத்து வேலையை விட்டு நிறுத்திட்டேன்னு சொன்னேனே..."

"யாரைம்மா?" என்றான் இதோ, கவலையோடு. "பாவம், யாரு?"

அவள் துடைக்கும் துணியை எடுத்து அவன் கையில் கொடுத்தாள். "போய்த் தரையைத் துடை" என்றாள்.

அன்று ரயிலைப் பிடித்தார்கள். கடலோர விடுதி நன்றாகத்தான் இருந்தது. கணவர் நாற்காலியைப் போட்டுக்கொண்டு அலையைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார். டாக்டரம்மாவும் உட்கார்ந்தாள். ஓர் அலை வந்து போயிற்று. இன்னொன்று வந்தது. இதேதானா என்று கேட்டாள். இதேதான் என்றார் அவர். வீட்டில் ஊசி எதுவும் கருகுகிறதா, யாரையாவது உள்ளே வைத்துப் பூட்டிவிட்டானா, கிளம்பும் நேரத்தில் யாரோ கொண்டுவந்து விட்டுப்போன குட்டி நாய்க்கு வேளைக்கு மருந்து கொடுத்தானா என்று ஒவ்வொன்றாக அவள் தலைக்குள் வந்து போயிற்று. சாயங்காலம் பொறுக்க முடியாமல் விடுதி முகப்பில் இருந்த டெலிபோனுக்குப் போனாள்.

வெகுநேரம் மணி அடித்த பிறகு இதோ எடுத்தான்.

"நாய்க்குட்டி மருந்து குடிச்சுதா?"

"பார்த்துட்டு வந்து சொல்றேம்மா" என்றான். ரிசீவரை மேசைமேல் வைக்கும் சத்தம் கேட்டது. காலடிச் சத்தம் தூரமாகப் போயிற்று.

அவ்வளவுதான். அவன் திரும்பி வரவில்லை.

டாக்டரம்மா காதில் ரிசீவரோடு நின்றாள். அந்தப் பக்கம் அவள் மருத்துவமனை முழுசாகக் கேட்டது. குட்டி நாய் முனகியது. கூண்டுக் கதவு திறந்தது. "வா, வா, கசக்காது, கொஞ்சம் கசக்கும்" என்று இதோ அதனோடு பேசினான். நாய் தும்மியது. பிறகு பாத்திரம் கழுவும் சத்தம். யாரோ தெருவிலிருந்து கூப்பிட்டார்கள். "இதோ வந்துட்டேன்" என்று அவன் போனான். தண்ணீர்க் குழாய் மட்டும் ஓடிக்கொண்டே இருந்தது.

"இதோ! குழாய்! குழாயை மூடுய்யா!" விடுதி முகப்பில் இருந்தவர்கள் எல்லோரும் திரும்பினார்கள். அந்தப் பக்கம் யாரும் இல்லை.

கணவர் தேடிக்கொண்டு வந்தார். "என்ன ஆச்சு? பேசி முடிச்சாச்சா?"

"குழாயைத் திறந்து விட்டுட்டுப் போயிட்டான். தொட்டி காலியாகப் போகுது."

"இங்கேயிருந்து நீ என்ன பண்ண முடியும்? வெச்சுடேன்."

"இருங்க."

அவர் போய்ச் சாப்பாட்டுக்குச் சொல்லிவிட்டு, பேப்பரை ஒரு புரட்டுப் புரட்டிவிட்டுத் திரும்பி வந்தார். அவள் அதே இடத்தில்தான் நின்றிருந்தாள். ஒரு கையால் மறு காதை மூடிக்கொண்டு, உதட்டைக் கடித்துக்கொண்டு, கண்ணை இடுக்கிக்கொண்டு. காத்திருந்த வேறு இரண்டு பேரைக் கையசைத்து விரட்டிக்கொண்டிருந்தாள். எங்கோ தொலைவில் செருப்புச் சத்தம் கேட்டது. "அடடா" என்று ஒரு குரல். தண்ணீர் நின்றது.

டாக்டரம்மா அதன் பிறகுதான் ரிசீவரை வைத்தாள்.